அமெரிக்கக் கல்லூரி ஃபுட்பாலில் அஃபென்சிவ் லைன்மேன்: புதிதாக வருகிறவர்களுக்கு

பையன் ஒன்பதாம் வகுப்பிலேயே ஆறடியைத் தாண்டிவிட்டான். எடை நூறு கிலோ. பள்ளி ஃபுட்பால் கோச் கூப்பிட்டு, "லைனில் நிற்க வருகிறாயா?" என்று கேட்டிருக்கிறார். வீட்டிலோ கிரிக்கெட்டைத் தவிர வேறு எதுவும் தெரியாது. டெக்சாஸ், ஜார்ஜியா, ஒஹையோ பக்கம் குடியேறிய எந்தக் குடும்பத்துக்கும் இப்படி ஒரு நாள் வரலாம். அந்த வீட்டுக்காகத்தான் இதை எழுதுகிறேன். சனிக்கிழமை கல்லூரி ஆட்டங்களைப் பார்க்க ஆரம்பித்து, "நடுவில் நிற்கிற இந்த ஐந்து தடியன்கள் என்னதான் செய்கிறார்கள்?" என்று யோசிப்பவர்களும் படிக்கலாம்.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இது மெதுவாகப் பழுக்கிற இடம். பந்தை வாங்கி ஓடுகிறவன் பதினெட்டு வயதிலேயே பேர் வாங்கிவிடலாம். லைன்மேன் ஆளாக இருபத்தொன்று, இருபத்திரண்டு வயதாகும். இந்தப் பாதையில் குடும்பங்கள் எடுக்கிற தவறான முடிவுகளில் பாதி, அவசரத்தால் வருபவை.

வேலை என்ன என்று முதலில் தெரிந்துகொள்ளுங்கள்

களத்தில் ஒரு பக்கத்துக்கு 11 பேர். பந்து வைத்திருக்கும் அணியில் முன்வரிசையில் ஐந்து பேர் குனிந்து நிற்பார்கள். நடுவில் சென்டர், அவருக்கு இரண்டு பக்கமும் கார்டு, அதற்கு வெளியே இரண்டு டேக்கிள். வேலை இரண்டே இரண்டு. ஓட்ட ஆட்டம் என்றால் எதிரியைத் தள்ளி வழி திறக்க வேண்டும். பாஸ் என்றால் பந்தை எறிகிற ஆளான குவார்ட்டர்பேக் அதை எறியும்வரை அவர்மீது யாரும் விழாமல் பார்த்துக்கொள்ள வேண்டும்.

இவர்கள் சட்டையில் 50 முதல் 79 வரை எண் இருக்கும். முன்னோக்கி எறியப்படும் பந்தை இவர்கள் பிடிக்கக் கூடாது. பந்து குவார்ட்டர்பேக் கையைவிட்டுப் போகும் முன், ஆட்டம் தொடங்கிய கோட்டைத் தாண்டி மூன்று கஜத்துக்கு மேல் போகவும் கூடாது. கல்லூரி விதி இது, தொழில்முறை லீகான என்.எஃப்.எல்.-இல் ஒரு கஜம்தான். அதனால் பெரும்பாலான லைன்மேன்கள் பந்தைத் தொடாமலே வாழ்க்கையை முடித்துவிடுவார்கள். சென்டர் மட்டும் விதிவிலக்கு, ஒவ்வொரு ஆட்டத்துண்டும் அவர் பந்தைப் பின்னால் கொடுப்பதில்தான் தொடங்குகிறது, அதற்கு ஸ்னாப் என்று பெயர்.

புள்ளிவிவரம் என்று பார்த்தால் கிட்டத்தட்ட எதுவும் கிடையாது. கஜக் கணக்கு இல்லை, டச்டவுன் இல்லை. ஒலிபெருக்கியில் எண் கேட்டால் அநேகமாக அது தண்டனை அறிவிப்பு. எதிரியின் சட்டையைப் பிடித்து இழுத்தால் பத்து கஜம் போகும். ஸ்னாப்புக்கு முன் அசைந்தால் ஐந்து கஜம். பையன் பெயர் பேப்பரில் வர வேண்டும் என்று ஆசைப்படும் அப்பாக்கள் இந்த இடத்தில் கொஞ்சம் மனதைத் தேற்றிக்கொள்ள வேண்டியிருக்கும்.

ஒரே ஒரு பாஸ் பாதுகாப்பைக் கிட்டத்தில் பார்ப்போம். இடது டேக்கிள். குவார்ட்டர்பேக் வலது கைக்காரர் என்றால் அவர் முதுகுப்பக்கத்தைக் காப்பவர் இவர்தான். ஸ்னாப் ஆனதும் இடது காலைப் பின்னும் வெளியுமாக உதைத்து வைக்கிறார், வலது கால் தரையை உரசிக்கொண்டே பின்தொடர்கிறது. கால்கள் ஒன்றையொன்று தாண்டக் கூடாது, குதிகால்கள் இடித்துக்கொள்ளவும் கூடாது. முதுகு நேர், இடுப்பு தாழ்வு. எதிரே 115 கிலோ ஆள் முழு வேகத்தில் வருகிறார். கை எட்டும் தூரம் வந்ததும், முழங்கை உடம்போடு ஒட்டி, கட்டைவிரல் மேல்நோக்கி, அவர் நெஞ்சுக் கவசத்தில் குத்த வேண்டும். சீக்கிரம் குத்தினால் அவர் கையைத் தட்டிவிட்டு உள்ளே புகுந்துவிடுவார். தாமதித்தால் இவர் நெஞ்சில் அவர் கை இருக்கும். இத்தனையும் மூன்று விநாடிக்குள் முடிய வேண்டும். ஒரு ஆட்டத்தில் எழுபது தடவை போல ஏதாவதொரு வடிவில் இப்படி மோத வேண்டியிருக்கும்.

கை உள்ளே, நெஞ்சுச் சட்டத்துக்குள் இருந்தால் பிடித்திருந்தாலும் நடுவர் பெரும்பாலும் தண்டனைக் கொடி எறிய மாட்டார். வெளியே தோள்பக்கம் சட்டை இழுபட்டுத் தெரிந்தால் கொடி நிச்சயம். இது சட்டப்புத்தகத்தில் இருப்பதைவிடக் களத்தில் கற்றுக்கொள்ள வேண்டிய விஷயம்.

ஐந்து பேரும் ஒரே உடம்பாக வேலை செய்ய வேண்டும் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். கபடியில் கைகோர்த்து ரெய்டரை மடக்கும்போது ஒருவர் பிடி நழுவினால் எல்லாம் போச்சு, இங்கேயும் அதே கதைதான். கல்லூரி ஃபுட்பாலில் ஜோ மூர் விருது என்று ஒன்று 2015 முதல் தரப்படுகிறது. தனி ஆளுக்கு இல்லை, நாட்டின் சிறந்த லைன் முழுவதற்கும். மிச்சிகன் 2021, 2022 என்று அடுத்தடுத்து வாங்கியது. 2024-இல் ராணுவக் கல்லூரியான ஆர்மி வாங்கியது. தனி ஆளுக்கு என்றால், உள்வரிசை வீரர்களுக்கு 1946 முதல் அவுட்லேண்ட் கோப்பையும், சென்டர்களுக்கு 2000 முதல் ரிமிங்டன் கோப்பையும் இருக்கின்றன.

பள்ளி நாட்கள்: எடையைவிடக் கால்

எடை ஏற்றுவது சுலபம். பெரிய உடம்பை வேகமாக நகர்த்தும் கால் வருவதுதான் கஷ்டம். கல்லூரிக் கோச்சுகள் பதினைந்து வயதுப் பையனிடம் தேடுவது உயரம், கை நீளம், பாதம் நகரும் விதம். மீதியை நாங்கள் போட்டுக்கொள்கிறோம் என்பார்கள்.

அதனால் பையனை ஃபுட்பாலோடு மட்டும் கட்டிப்போடாதீர்கள். மல்யுத்தம் முதல் தேர்வு. எதிரியின் எடை எந்தப் பக்கம் சாய்கிறது என்று உடம்பாலேயே உணரப் பழக்கும். குண்டெறிதலும் வட்டெறிதலும் இடுப்புக்கு வெடித்துக் கிளம்பும் வேகத்தைத் தரும். கூடைப்பந்து கால் வேலைக்கு. இதற்கு நல்ல சாட்சி அயோவா பல்கலைக்கழகம். டிரிஸ்டன் வர்ஃப்ஸ் பள்ளியில் மாநில அளவில் கனரக மல்யுத்தப் பட்டம் வென்றவர், என்.எஃப்.எல். அணிகள் கல்லூரி வீரர்களை வரிசையாகத் தேர்ந்தெடுக்கும் டிராஃப்டில், 2020-இல், 13-ஆவது ஆளாக எடுக்கப்பட்டார். டைலர் லிண்டர்பாம் பள்ளிக் காலத்தில் அதே வர்ஃப்ஸை மல்யுத்தத்தில் தோற்கடித்தவர். கல்லூரிக்கு எதிர்ப்பக்க லைன்மேனாக வந்து, சென்டராக மாற்றப்பட்டு, 2021-இல் ரிமிங்டன் கோப்பை வாங்கினார். பிராண்டன் ஷெர்ஃப் பள்ளியில் குவார்ட்டர்பேக்காக ஆடியவர்! அவர் 2014 அவுட்லேண்ட் கோப்பைக்காரர். ராபர்ட் கேலரி டைட் எண்டாக (லைனின் ஓரத்தில் நின்று, பந்தையும் பிடிப்பவர்) வந்து டேக்கிளாகி 2004 டிராஃப்டில் இரண்டாவது ஆளாகப் போனார்.

ஆகவே பத்தாம் வகுப்பில் கோச் "நீ டேக்கிள் இல்லை, டைட் எண்ட்" என்று சொன்னாலோ, அல்லது நேர்மாறாகச் சொன்னாலோ சண்டைக்குப் போகாதீர்கள். இடம் மாறுவது இந்த வேலையில் சகஜம்.

எடைப் பயிற்சி ஆரம்பித்தால் ஸ்குவாட்டும் பவர் கிளீனும் சரியான முறையில் கற்றுக்கொள்வது முக்கியம், எத்தனை கிலோ என்பது பிறகு. பதினாலு வயதில் 130 கிலோ ஆக்கிவிட வேண்டும் என்று வயிற்றை நிரப்பும் வேலை வேண்டவே வேண்டாம். முட்டிதான் முதலில் போகும்.

மதிப்பெண் கதவு

இதில் கோட்டை விட்டால் திறமை எவ்வளவு இருந்தும் பயனில்லை. கல்லூரி விளையாட்டை நடத்தும் என்.சி.ஏ.ஏ. அமைப்பின் உச்சப் பிரிவான முதல் டிவிஷனில் ஆட, பள்ளியில் 16 முக்கியப் பாடங்களை முடித்திருக்க வேண்டும். அதில் 10 பாடங்கள் பன்னிரண்டாம் வகுப்பு தொடங்கும் முன்பே முடிந்திருக்க வேண்டும், அந்தப் பத்தில் ஏழு ஆங்கிலம், கணிதம், அறிவியலில். முக்கியப் பாடங்களின் சராசரி குறைந்தது 2.3 (நான்குக்கு). முன்பு கேட்ட எஸ்.ஏ.டி. என்ற நுழைவுத் தேர்வு மதிப்பெண் விதி 2023-இல் எடுக்கப்பட்டுவிட்டது, ஆனால் சில கல்லூரிகள் தங்கள் சேர்க்கைக்குத் தனியாகக் கேட்கலாம்.

நம் வீடுகளில் 2.3 என்றதும் சிரிப்பார்கள். சிரிக்க வேண்டாம். பள்ளி நடத்தும் எல்லாப் பாடமும் முக்கியப் பாடமாக என்.சி.ஏ.ஏ. பட்டியலில் இருக்காது. ஒன்பதாம் வகுப்பிலேயே பள்ளி ஆலோசகரிடம் அந்தப் பட்டியலைக் கேட்டு வாங்குங்கள். வேறு நாட்டிலிருந்து நடுவில் வந்து சேர்ந்த பையன் என்றால் பழைய பள்ளியின் சான்றிதழ்களையும் தயாராக வைத்திருக்க வேண்டும், என்.சி.ஏ.ஏ.-வின் தகுதி மையம் அதைப் பார்க்கும். நல்ல மதிப்பெண் இருந்தால் ஸ்டான்ஃபோர்ட், நார்த்வெஸ்டர்ன் போன்ற இடங்களும், தடகள உதவித்தொகையே தராத ஐவி லீக் கல்லூரிகளும் தேவைக்கேற்ற நிதியுதவியோடு கதவைத் திறக்கும். சராசரித் திறமையுள்ள லைன்மேனுக்கு இதுதான் உண்மையான வரம் என்பது என் கருத்து.

வீடியோவும் முகாமும்

புள்ளிவிவரம் இல்லாததால் வீடியோதான் எல்லாம். பள்ளிகள் பெரும்பாலும் ஹடில் என்ற தளத்தில் ஆட்டங்களை ஏற்றுகின்றன. அதிலிருந்து மூன்று, நான்கு நிமிடத் தொகுப்பு ஒன்று வெட்டுங்கள். சிறந்த ஐந்து துண்டுகள் முதலில் வரட்டும், கோச் முதல் ஒரு நிமிடத்தில் முடிவு செய்துவிடுவார். ஒவ்வொரு துண்டிலும் ஸ்னாப்புக்கு முன் பையனைச் சுற்றி ஒரு வட்டமோ அம்புக்குறியோ போடுங்கள். ஸ்னாப்பிலிருந்து விசில்வரை முழுத் துண்டு வேண்டும். எதிரியைக் கீழே தள்ளி மேலே விழுவதை இங்கே பான்கேக் என்பார்கள், அதை மட்டும் கோத்தால் போதாது. பாஸ் பாதுகாப்பும், இரண்டாம் கட்டத்தில் எதிரணி முன்வரிசைக்குப் பின்னால் நிற்கும் லைன்பேக்கரைப் போய்ப் பிடிப்பதும் இருக்க வேண்டும். பாட்டு தேவையில்லை. உயரம், எடை, மதிப்பெண் சராசரி, பள்ளிக் கோச்சின் தொடர்பு எண் முகப்பில் இருக்கட்டும். உயரத்தை ஓர் அங்குலம் கூட்டிப் போடாதீர்கள். முகாமில் முதல் வேலையே அளப்பதுதான்.

பதினொன்றாம் வகுப்பு தொடங்கும் செப்டம்பர் 1 முதல்தான் கல்லூரிக் கோச்சுகள் தனிப்பட்ட கடிதமும் செய்தியும் அனுப்பலாம். அதற்கு முன் வருவது முகாம் விளம்பரமாகத்தான் இருக்கும். "இன்ன பல்கலைக்கழகம் கடிதம் போட்டிருக்கிறது" என்று ஊரெல்லாம் சொல்லிவிடாதீர்கள். கோடையில், முக்கியமாக ஜூனில், கல்லூரிகள் நடத்தும் முகாம்களில் ஒருவருக்கொருவர் மோதும் பயிற்சி நடக்கும். லைன்மேனுக்கு அதுதான் தேர்வு அறை. முதல் மோதலில் தோற்றாலும் வரிசையின் பின்னால் ஒளியாமல் திரும்ப முன்னால் வந்து நிற்கிற பையனைக் கோச்சுகள் குறித்துக்கொள்கிறார்கள்.

பணம் வாங்கிக்கொண்டு "உங்கள் பையனை நூறு கல்லூரிக்கு அறிமுகப்படுத்துகிறோம்" என்கிற சேவைகள் நிறைய. பள்ளிக் கோச்சின் ஒரு தொலைபேசி அழைப்பு அவற்றைவிடப் பெறுமதியானது.

எந்தக் கல்லூரி?

ஆட்கள் அதிகம் சறுக்குவது இங்கேதான். அரங்கின் அளவு, சட்டையின் நிறம், லாக்கர் அறையின் விளக்கு இதையெல்லாம் பார்த்து மயங்கிவிடுவார்கள். லைன்மேன் பார்க்க வேண்டியது லைன் கோச்சை. அவர் அங்கே எத்தனை வருடமாக இருக்கிறார்? அவரிடம் வந்த பையன்கள் மூன்றாம் வருடத்தில் எங்கே நிற்கிறார்கள்? அயோவாவை மறுபடியும் சொல்கிறேன். தலைமைக் கோச் கிர்க் ஃபெரென்ட்ஸ் 1999 முதல் அங்கே இருக்கிறார், அதற்கு முன் எண்பதுகளில் அதே கல்லூரியின் லைன் கோச்சாக இருந்தவர். அங்கிருந்து லைன்மேன்கள் தொடர்ந்து வருவதில் ஆச்சரியமில்லை.

நேரில் போகும்போது இந்தக் கேள்விகளைக் கேளுங்கள்: முதல் வருடப் பையன்களை ஆட வைப்பீர்களா, உட்கார வைப்பீர்களா? பையனை டேக்கிளாகப் பார்க்கிறீர்களா, கார்டாகவா? காயம் பட்டால் செலவு யாருடையது, உதவித்தொகை தொடருமா? பொறியியலோ உயிரியலோ படித்துக்கொண்டே லைனில் ஆடியவர் யாராவது இருக்கிறாரா, அவரிடம் பேச முடியுமா? கடைசிக் கேள்விக்கு மழுப்பினால் விஷயம் புரிந்துவிடும். ஆய்வக வகுப்பும் பயிற்சியும் ஒரே நேரத்தில் மோதும்போது எது விட்டுக்கொடுக்கும் என்பது அந்தப் பதிலில் இருக்கிறது. அப்புறம், விருந்து முடிந்து கோச்சுகள் போன பிறகு, இப்போது ஆடிக்கொண்டிருக்கும் லைன்மேன்களோடு பையன் தனியாக ஒரு மணி நேரம் இருக்கட்டும்.

பெரிய கல்லூரி அழைக்கவில்லையா? பரவாயில்லை, லைன்மேனுக்குச் சுற்றுவழிகள் உண்டு. இரண்டாம் டிவிஷன் கல்லூரிகள் பகுதி உதவித்தொகை தரும். மூன்றாம் டிவிஷன் தடகள உதவித்தொகை தராது, கல்வி உதவி தரும். இரண்டு வருட ஜூனியர் கல்லூரிகளும் இருக்கின்றன. மார்ஷல் யாண்டா மதிப்பெண் சிக்கல் உட்படப் பல காரணங்களால் இரண்டு வருடக் கல்லூரி ஒன்றில் ஆரம்பித்து, அயோவாவுக்கு வந்து, 2007-இல் மூன்றாம் சுற்றில் பால்டிமோர் ரேவன்ஸுக்குப் போய் அங்கேயே பெரும் பெயர் எடுத்தார். ராயன் ராம்சிக் பள்ளி முடிந்ததும் வெல்டிங் படிக்கப் போனவர். பிறகு மனம் மாறி மூன்றாம் டிவிஷன் ஸ்டீவன்ஸ் பாயிண்டில் ஆடி, விஸ்கான்சினுக்கு மாறி, அங்கே ஒரே சீசன் ஆடி, 2017-இல் முதல் சுற்றின் 32-ஆவது ஆளானார். சென்ட்ரல் மிச்சிகன் என்ற நடுத்தரக் கல்லூரியின் எரிக் ஃபிஷர் 2013 டிராஃப்டின் முதல் ஆள். ஜேசன் கெல்சி சின்சினாட்டியில் உதவித்தொகை இல்லாமல் சேர்ந்தவர், ஓட்டக்காரராக வந்து லைன்மேன் ஆனவர்.

உதவித்தொகை இல்லாமல் சேர்வதை வாக்-ஆன் என்பார்கள். கல்லூரி வீரர்களுக்குப் பணம் தருவது பற்றிய ஹவுஸ் வழக்கில் 2025-இல் நீதிமன்றம் ஏற்ற சமரசத்துக்குப் பிறகு, அதில் சேர்ந்த கல்லூரிகளில் ஃபுட்பால் அணிக்கு 105 பேர் என்ற உச்சவரம்பு வந்துவிட்டது. முன்பு 120, 130 பேர் இருந்த அணிகள் குறைந்துவிட்டன. வாக்-ஆன் இடம் தருகிறோம் என்றால் அந்த 105-க்குள் இருக்கிறானா என்று நேரடியாகக் கேட்டு, எழுத்தில் வாங்குங்கள். கையெழுத்து பெரும்பாலும் டிசம்பர் முதல் வாரத்தில் நடக்கிறது.

முதல் வருடம்: உட்கார வேண்டும், சாப்பிட வேண்டும்

பல காலமாக உள்ள அடிப்படை, ஐந்து ஆண்டுக்குள் நான்கு சீசன். ஆடாமல் பயிற்சி மட்டும் எடுக்கும் வருடத்துக்கு ரெட்ஷர்ட் என்று பெயர். 2018 முதல் நான்கு ஆட்டம்வரை ஆடினாலும் அந்த வருடம் கணக்கில் போகாது. லைன்மேனுக்கு இது தண்டனை இல்லை, நிலைமையைப் பாருங்கள்: எதிரே நிற்பவர் இருபத்திரண்டு வயது, நான்கு வருடம் எடை தூக்கியவர். உங்கள் பையன் போன மே மாதம் பள்ளி நடனத்துக்குப் போனவன். இந்த விதிகளை நீதிமன்றங்கள் அடிக்கடி அசைத்துக்கொண்டிருக்கின்றன. ஆகவே ஒவ்வொரு வருடமும் கல்லூரியின் விதிமுறை அலுவலகத்தில் கேட்டு உறுதி செய்துகொள்வது நல்லது.

இந்த வருடத்தின் முக்கிய வேலை உடம்பு. 118 கிலோவில் வரும் பையன் இரண்டு வருடத்தில் 136 கிலோ ஆக வேண்டியிருக்கும். அமெரிக்கக் கணக்கில் 300 பவுண்டு. கொழுப்பாக அல்ல, நகரக்கூடிய எடையாக. நாளுக்கு 5,000 கலோரிக்கு மேல் உள்ளே போக வேண்டும். 2014 முதல் கல்லூரிகள் வீரர்களுக்கு வரம்பில்லாமல் உணவு தரலாம், அதனால் அணிச் சாப்பாட்டு மேசை பெரிதாகவே இருக்கும். காலை பயிற்சிக்கு முன் ஒரு சாப்பாடு, முடித்ததும் ஒன்று, இடையில் வகுப்புக்குப் பையில் ரொட்டியும் பழமும், மதியம், மாலை, படுக்கும் முன் பாலோ தயிரோ. ஒரு மாதம் ஆனதும் சாப்பிடுவதே வேலையாகிவிடும், பசியே எடுக்காது. சைவ வீட்டுப் பையன் என்றால் முதல் வாரமே அணி உணவியலாளரிடம் சொல்லிவிடுங்கள். முட்டை, பால் உண்டா இல்லையா என்று தெளிவாகச் சொல்ல வேண்டும். "எதையாவது சாப்பிட்டுக்கொள்வான்" என்று விட்டால் உருளைக்கிழங்கில்தான் எடை ஏறும்.

குறட்டை, பகலில் தூக்கம் வந்தால் மருத்துவரிடம் சொல்லச் சொல்லுங்கள். பெரிய கழுத்து உள்ளவர்களுக்குத் தூக்கத்தில் மூச்சுத் தடை சாதாரணம்.

அடுத்தது வெயில். இதை லேசாக எடுத்துக்கொள்ள வேண்டாம். 2018 மே 29 அன்று மேரிலாந்து பல்கலைக்கழகத்தில் ஜோர்டன் மெக்நேர் என்ற 19 வயது அஃபென்சிவ் லைன்மேன் ஓட்டப் பயிற்சியின்போது வெப்பத்தாக்குக்கு ஆளானார். குளிர்நீரில் அமிழ்த்தும் சிகிச்சை அவருக்குத் தரப்படவில்லை. ஜூன் 13 அன்று இறந்துபோனார். பல்கலைக்கழகம் பின்னர் பொறுப்பை ஏற்றது. பெரிய உடம்பு சூட்டை மெதுவாகத்தான் வெளியேற்றும், அதனால் இந்த ஆபத்து லைன்மேனுக்கு அதிகம். கல்லூரியைப் பார்க்கப் போகும்போதே பயிற்சி மைதானத்தின் ஓரத்தில் பனிநீர்த் தொட்டி இருக்கிறதா என்று பாருங்கள். கோச்சைக் கேட்காமல் பயிற்சியை நிறுத்தும் அதிகாரம் மருத்துவக் குழுவுக்கு உண்டா என்று கேளுங்கள். பையனிடம் சொல்ல வேண்டியது: தலை சுற்றினால், பேச்சு குழறினால், பக்கத்தில் நிற்பவன் அப்படித் தள்ளாடினால், உடனே கத்திச் சொல்லு. "பலவீனன் என்று நினைப்பார்கள்" என்ற பேச்சுக்கு இங்கே இடமில்லை.

சீசன் நடக்கும்போது ஒரு வாரம்

ஆகஸ்ட் தொடக்கத்தில் பயிற்சி முகாம், ஆகஸ்ட் கடைசியிலிருந்து நவம்பர் கடைசிவரை 12 ஆட்டங்கள். நன்றாக ஆடினால் டிசம்பரில் மாநாட்டு (கல்லூரிகளின் லீக் குழு) இறுதி, பிறகு பவுல் எனப்படும் சீசன் முடிவு ஆட்டமோ, தேசியப் பட்டத்துக்கான 12 அணி பிளேஆஃபோ. வசந்தத்தில் 15 பயிற்சிகள். விதிப்படி சீசனில் வாரத்துக்கு 20 மணி நேரம்தான் கட்டாயப் பயிற்சி, ஒரு நாள் விடுமுறை. பயண நேரமும் காயத்துக்கான சிகிச்சையும் அந்த இருபதில் சேராது. தானாக உட்கார்ந்து பார்க்கும் வீடியோவும் அப்படித்தான்.

ஞாயிறு அன்று போன ஆட்டத்தின் ஒவ்வொரு துண்டுக்கும் லைன் கோச் மதிப்பெண் போட்டு வைத்திருப்பார், கூட்டலோ கழித்தலோ. காலடி சரியா, கை சரியா, சரியான ஆளைப் பிடித்தானா என்று பார்ப்பார். எதிரி கீழே விழுந்திருந்தாலும் காலடி தப்பென்றால் கழித்தல்தான். எல்லார் முன்னாலும் இருட்டு அறையில் இது நடக்கும். பழகிக்கொள்ள வேண்டும்.

வெளியூர் அரங்கில் எண்பதாயிரம் பேர் கத்தும்போது குவார்ட்டர்பேக்கின் குரல் கேட்காது. அப்போது மௌன எண்ணிக்கை. கார்டு திரும்பிப் பின்னால் பார்த்துக்கொண்டிருப்பார். குவார்ட்டர்பேக் காலைத் தூக்கிக் காட்டியதும் கார்டு சென்டரைத் தட்டுவார், சென்டர் தலையை நிமிர்த்துவார், ஒரு கணம், ஸ்னாப். டேக்கிள்கள் ஓரக்கண்ணால் பந்தைப் பார்த்துக்கொண்டே புறப்பட வேண்டும். வெளியூரில் முன்கூட்டியே அசைந்த தண்டனைகள் ஏன் அதிகம் என்று இப்போது புரியும். சென்டருக்கு இதோடு இன்னொரு வேலை: எதிரணியின் நடு லைன்பேக்கர் யார் என்று கைகாட்டி, யார் யாரைப் பிடிப்பது என்று அறிவிப்பார்.

கைவிரல் நுணுக்கம் ஒன்று. தரையில் ஊன்றிய கையில் எடையைப் போட்டால் விரல் முட்டி வெளுக்கும். எதிரே நிற்பவர் அதைப் பார்த்தே ஓட்ட ஆட்டம் என்று கண்டுபிடித்துவிடுவார். ஓட்டமோ பாஸோ, நிற்கும் விதம் ஒன்றாகவே இருக்க வேண்டும்.

காயங்களில் முட்டியின் உள்பக்கத் தசைநாரும் கணுக்காலும்தான் முதலிடம். யாரோ பின்னாலிருந்து காலில் வந்து விழுவதால் அதிகம் நடக்கிறது. அதனால் பல கல்லூரிகளில் லைன்மேன்கள் இரண்டு முட்டியிலும் உலோகப் பட்டை போட்டுத்தான் ஆடுகிறார்கள். தலையில் அடி பட்டால் மறைக்கக் கூடாது. ஒவ்வொரு துண்டிலும் சின்னச் சின்ன மோதல் சேருகிற இடம் இது. நீண்டகால மூளைப் பாதிப்பு பற்றிய ஆய்வுகள் பாஸ்டன் பல்கலைக்கழகத்திலிருந்து வந்துகொண்டிருக்கின்றன, ஒத்துக்கொள்ளும் முன் பெற்றோர் அவற்றைப் படித்துவிட வேண்டும்.

பணமும் போர்ட்டலும்

2021 ஜூலை 1 முதல் வீரர்கள் தங்கள் பெயரையும் முகத்தையும் பயன்படுத்தி விளம்பரத்தில் சம்பாதிக்கலாம். ஹவுஸ் சமரசத்துக்குப் பிறகு கல்லூரியே நேரடியாகப் பணம் தரலாம். 2025-26-இல் ஒரு கல்லூரிக்கு எல்லா விளையாட்டுக்கும் சேர்த்து உச்சவரம்பு சுமார் 2 கோடியே 5 லட்சம் டாலர். நல்ல டேக்கிள் கிடைப்பது அரிது என்பதால் லைன்மேனுக்கும் இதில் நல்ல பங்கு போகிறது. மாணவர் விசாவில் படிப்பவர்களுக்கு இந்தப் பணம் விசா சிக்கல் ஆகலாம். ஒரு டாலர் வாங்கும் முன் குடியேற்ற வழக்கறிஞரைப் பாருங்கள். குடியுரிமை உள்ளவர்கள் வரிக்கணக்காளரைப் பாருங்கள், இது வரி கட்ட வேண்டிய வருமானம்.

கல்லூரி மாறும் வாசலான போர்ட்டல் 2018-இல் வந்தது. 2024 முதல், படிப்பு ஒழுங்காக இருந்தால் எத்தனை தடவை மாறினாலும் உடனே ஆடலாம். இரண்டாம் வருடம் உட்கார்ந்திருக்கும் பையனுக்கு வேறு கல்லூரியிலிருந்து தூது வரும். போகலாமா? லைன் கோச் போய்விட்டார், அல்லது உங்கள் இடத்தில் இரண்டு வருடத்துக்கு அசைக்க முடியாத ஆள் இருக்கிறார் என்றால் போகலாம். கொஞ்சம் கூடுதல் பணத்துக்காக மட்டும் என்றால் யோசிக்கச் சொல்வேன். புதிய இடத்தில் அழைப்புச் சொற்கள் வேறு, பக்கத்தில் நிற்பவர் வேறு. மாறும்போது பாடக் கணக்கும் உடையும். என்.சி.ஏ.ஏ. விதிப்படி மூன்றாம் ஆண்டு தொடங்கும்போது பட்டத்தில் 40 சதவீதமும், நான்காம் ஆண்டில் 60-உம், ஐந்தாம் ஆண்டில் 80-உம் முடிந்திருக்க வேண்டும். புதிய கல்லூரி பழைய பாடங்களில் எவற்றை ஏற்கும் என்பதை எழுத்தில் வாங்காமல் போர்ட்டலில் பெயர் கொடுக்காதீர்கள்.

என்.எஃப்.எல். பற்றி

கல்லூரியில் ஆடுபவர்களில் நூற்றுக்கு இரண்டு பேர்கூடத் தொழில்முறைக்குப் போவதில்லை. போகிறவர்களுக்குப் பாதை இப்படி: சீசன் முடிந்து அலபாமாவின் மொபைல் நகரில் சீனியர் பவுல் என்ற காட்சி ஆட்டம், பிப்ரவரி கடைசியில் இண்டியானாபோலிஸில் கம்பைன் என்ற உடல்திறன் சோதனை, பிறகு கல்லூரியிலேயே அதே மாதிரி சோதனை நடக்கும் புரோ டே, ஏப்ரலில் ஏழு சுற்று டிராஃப்ட். கம்பைனில் கை நீளம் அளப்பார்கள். 34 அங்குலம் இருந்தால் டேக்கிள் என்பார்கள், குறைந்தால் கார்டு, சென்டர் பக்கம் தள்ளுவார்கள். இடம் மாற்றினால் வாழ்க்கை முடிந்தது என்று அர்த்தமில்லை. கெல்சி 2011-இல் ஆறாம் சுற்றில் 191-ஆவது ஆளாகப் போனவர், ஃபிலடெல்ஃபியாவின் சென்டராக ஆறு தடவை என்.எஃப்.எல்.-இன் சிறந்த வீரர்கள் பட்டியலின் (ஆல்-புரோ) முதல் அணிக்குத் தேர்வானார். டிராஃப்டில் பெயர் வராதவர்களும் முகாமுக்கு அழைக்கப்படுவார்கள். பயிற்சி அணியில் இடம் கிடைத்தாலே வார ஊதியம் நல்ல தொகை. முகவரைக் கடைசி சீசன் முடியும்வரை வீட்டுக்குள் விடாதீர்கள்.

ஆட்டம் நின்ற பிறகு

பெரும்பாலானவர்களுக்கு இது இருபத்திரண்டு, இருபத்து மூன்று வயதில் வரும். முதல் வேலை எடையைக் குறைப்பது. விஸ்கான்சினின் ஜோ தாமஸ், 2006 அவுட்லேண்ட் கோப்பைக்காரர், கிளீவ்லாந்துக்காகத் தொடர்ச்சியாக 10,363 ஸ்னாப் ஆடிய ஆள், ஓய்வு பெற்றதும் இருபது கிலோவுக்கு மேல் இறக்கினார். 5,000 கலோரிக்குப் பழகிய வயிற்றைக் கட்டுப்படுத்துவது பயிற்சி முகாமைவிடக் கஷ்டம். கடைசி ஆட்டம் முடிந்த மாதத்திலேயே அணி உணவியலாளரிடம் இறங்குமுகத் திட்டம் ஒன்று கேட்டு வாங்க வேண்டும். ரத்த அழுத்தம், சர்க்கரை இரண்டையும் பரிசோதிக்க வேண்டும். குடும்பத்தில் சர்க்கரை உள்ளவர்கள் தள்ளிப்போடவே கூடாது.

கோச் ஆக விருப்பம் இருந்தால் பட்டதாரி உதவியாளர் வேலை இருக்கிறது. சம்பளம் குறைவு, முதுகலைப் படிப்புக் கட்டணம் மிச்சம்.

கல்லூரியை விட்டு வெளியேறும் முன் இரண்டு காகித வேலைகள். நான்கைந்து வருட மருத்துவப் பதிவுகள், ஸ்கேன் படங்கள், அறுவைச் சிகிச்சைக் குறிப்புகள் அனைத்தின் நகலையும் வாங்கிக்கொள்ளுங்கள், பின்னால் கேட்டால் அலையவிடுவார்கள். இரண்டாவது, 2024 ஆகஸ்ட் முதல் முதல் டிவிஷன் கல்லூரிகள், ஆடும்போது வந்த காயத்துக்குக் கல்லூரியை விட்ட பிறகும் குறைந்தது இரண்டு ஆண்டு மருத்துவச் செலவை ஏற்க வேண்டும். வெளியேறும் மருத்துவப் பரிசோதனையின்போது முட்டி, தோள், முதுகு, விரல் என்று வலிக்கிற எல்லாவற்றையும் பெயர் சொல்லிப் பதிய வையுங்கள். பதியாத வலிக்குப் பிறகு யாரும் பணம் கட்ட மாட்டார்கள்.